தங்கம் கொணர்ந்தவரிடம் தஸ்தாவேஜு கேட்ட ராஜ்யம்

இந்தோனேஷியா தேசம் ஒலிம்பிக் பந்தயங்களில் முதன்முதலாகக் கலந்துகொண்டது 1952-ஆம் வருஷத்தில். டச்சுக்காரரின் ஆதிக்கத்தினின்றும் முற்றும் விடுபட்டு அப்பொழுது மூன்று வருஷங்கூட நிரம்பவில்லை. அன்று தொட்டு நாற்பது வருஷ காலம், ஆயிரக்கணக்கான தீவுகளில் பரந்து வாழும் அந்த மகா ஜனசமூகம் ஒரே ஒரு தங்கப் பதக்கத்துக்காகக் காத்துக் கிடந்தது. அக்குறை தீர்ந்த நாள் 1992-ஆம் வருஷம் ஆகஸ்டு மாதம் 4-ஆம் தேதியாகும். ஸ்பெயின் தேசத்துப் பார்சலோனா நகரில், பாட்மிண்டன் என்னும் இறகுப்பந்து விளையாட்டின் பெண்கள் ஒற்றையர் பந்தயத்தில், இருபத்தோரு வயதுள்ள குமாரி சூசி சுசாந்தி என்பார் கொரிய தேசத்துப் பாங் சூ ஹியுனை வென்று அந்தத் தங்கத்தைத் தம் தேசத்துக்கு ஈட்டித் தந்தார். அதே தினத்தில் ஆடவர் ஒற்றையர் பந்தயத்தில் ஆலன் புதிகுசுமா என்னும் வாலிபர் இரண்டாவது தங்கத்தை வென்றார். இவ்விருவரும் 1997-ல் மணம் புரிந்துகொண்டனர். செங்கொடியும் வெண்கொடியும் இணைந்தாற் போன்ற அவர்கள் தேசக் கொடி உயர, தேசிய கீதம் முழங்க, மேடை மீது நின்ற அப்பெண்ணின் கண்களினின்றும் நீர் வழிந்தோடிய காட்சியை அந்நாட்டார் இன்றளவும் மறந்திலர்.

இத்தகைய பெண்மணியிடம் அவருடைய சொந்த ராஜ்யத்தின் உத்தியோகஸ்தர்கள், நீர் இத்தேசத்துப் பிரஜைதான் என்பதற்கு ருசு எங்கே என்று கேட்டார்கள் என்றால் நேயர்கள் நம்புவார்களா? கேட்டது மெய். அவரை மாத்திரமன்று, அவருடைய வமிசத்தவரான லட்சக்கணக்கான ஜனங்களையும் கேட்டார்கள். ஏனெனில் சூசி அம்மையாரின் முன்னோர் சீன தேசத்திலிருந்து ஜாவாத் தீவில் குடியேறியவர்கள்.

ராஜீய விஷயங்களை ஆராய வேண்டிய இப்பக்கத்தில் இறகுப்பந்துக்கு என்ன வேலை என்று சிலர் கேட்கக்கூடும். தேசம் என்பது யாது, அதில் சேர்ந்தவர் யாவர், சேராதவர் யாவர், அதைத் தீர்மானிக்கும் அதிகாரம் எவரிடத்தில் உள்ளது என்னும் கேள்விகளை விடப் பெரிய ராஜீய விஷயம் வேறு உண்டோ? இக்கேள்விகளுக்குச் சட்டப் புத்தகங்களில் விடை தேடுவதைக் காட்டிலும் ஒரு விளையாட்டு வீராங்கனையின் வாழ்க்கையில் தேடினால் விஷயம் எளிதில் விளங்கும் என்று கருதியே இதனை எழுதலானோம்.

முதலில் அவருடைய ஆட்டத்தைப் பற்றிச் சிறிது சொல்லவேண்டும். மேற்கு ஜாவாவில், சுந்தா பாஷை பேசும் ஜனங்களின் நடுவே உள்ள தாசிக்மலாயா என்னும் ஊரில் 1971-ஆம் வருஷம் பிப்ரவரி 11-ஆம் தேதி பிறந்தவர் சூசி. இளமையில் ஊரிலேயே பயின்று, பதினான்காம் பிராயத்தில் பெற்றோரைப் பிரிந்து ஜாகர்த்தா நகரத்து ஜெய ராயா கழகத்தில் சேர்ந்தார். உருவத்தில் பெரியவர் அல்லர். அடியின் வேகத்தால் எதிரியைத் திகைக்க வைப்பவரும் அல்லர். அவருடைய பலம் வேறு வகைப்பட்டது. ஒற்றையர் ஆட்டத்தின் களம் 44 அடி நீளமும் 17 அடி அகலமும் உள்ளது. பதினாறு இறகுகள் செருகிய, ஐந்து கிராம் எடையளவேயுள்ள அந்தப் பந்தை அவர் களத்தின் பின்மூலைக்கு உயர அனுப்புவார். எதிரி அங்கே ஓடுவார். மறுகணம் வலையை ஒட்டிப் பந்தை மெல்ல விழச்செய்வார். எதிரி முன்னே ஓடிவருவார். மறுபடியும் பின்மூலை. எதிரி அடித்தது எதுவாயினும், இரு கால்களும் தரையோடு தரையாய் நீளும்படி தாழ்ந்து, அதை எடுத்துத் திருப்பிவிடுவார். அக்காலத்து விதிப்படி, பந்தை முதலில் செலுத்தும் உரிமை எவரிடம் இருந்ததோ அவருக்கே புள்ளி சேரும். பெண்கள் ஆட்டத்துக்குப் பதினொரு புள்ளி. ஆகையால் புள்ளியே ஏறாமல் நெடுநேரம் ஆட்டம் நிகழ்வதுண்டு. அந்த நெடுநேரமே அவருடைய ஆயுதம். கோட்டையை இடித்துப் பிடிக்கும் சேனாபதிகள் உண்டு. முற்றுகையிட்டுக் காத்திருந்து பிடிப்பவர்களும் உண்டு. சூசி அம்மையார் இரண்டாம் வகுப்பைச் சேர்ந்தவர்.

பார்சலோனாப் பந்தயத்தின் கணக்கைப் பார்த்தாலே இது விளங்கும். முதல் ஆட்டத்தில் 5-க்கு 11 என்று தோற்றார். அடுத்ததை 11-க்கு 5 என்று வென்றார். மூன்றாவதை 11-க்கு 3 என்று முடித்தார். அதற்கு மூன்று வருஷங்களுக்கு முன்னர், 1989-ல், சுதிர்மான் கோப்பைப் பந்தயம் முதன்முறையாக ஜாகர்த்தாவில் நடந்தபொழுதும் இதே கதைதான். அது தேசங்கள் அணியணியாக மோதும் பந்தயம்; இறுதியில் ஐந்து ஆட்டங்களுள் முதலிரண்டையும் கொரியரிடம் இந்தோனேஷியர் இழந்துவிட்டனர். மூன்றாவதும் போனால் எல்லாம் போயிற்று. பதினெட்டு வயதுப் பெண்ணாகிய சூசி களத்தில் இறங்கினார். முதல் பகுதியைத் தோற்றார். இரண்டாவதை மயிரிழையில் வென்றார். மூன்றாவதில் எதிரிக்கு ஒரு புள்ளியும் கொடுக்கவில்லை. அதன்பின் அவருடைய தோழர்கள் எஞ்சிய இரண்டையும் வென்று கோப்பையைக் கைப்பற்றினர். இங்கிலாந்தில் நடைபெறும் பழம்பெரும் பந்தயத்தில் 1990, 1991, 1993, 1994 ஆகிய நான்கு வருஷங்களில் முதன்மை பெற்றார். 1993-ல் உலக வீராங்கனைப் பட்டமும் அவருக்கே கிடைத்தது. 1994-லும் 1996-லும் பெண்கள் அணிக்குரிய ஊபர் கோப்பையை அவர் தலைமையாட்டக்காரராய் நின்ற அணி சீன தேசத்து அணியைத் தோற்கடித்துக் கொணர்ந்தது. நேயர்கள் இதைக் கவனிக்கவேண்டும்: சீன தேசத்து அணியைத் தோற்கடித்து!

அவருடைய விசுவாசம் எத்தேசத்தின்பால் என்று ஐயுற்ற குமாஸ்தாக்கள் அவ்விரண்டு பந்தயங்களையும் பார்த்திருப்பார்களோ என்னவோ, நாம் அறியோம்.

அந்தத் தஸ்தாவேஜின் வரலாற்றை இனிக் கூறுவோம். இதில் நியாயம் முழுவதும் ஒரு பக்கத்திலேயே இருந்தது என்று சொல்வது சரியாகாது. டச்சுக்காரர் தம் ஆட்சியில் ஜனங்களை மூன்று வகுப்பாகப் பிரித்து வைத்திருந்தனர். ஐரோப்பியர் ஒரு வகுப்பு. பூர்வ குடிகள் ஒரு வகுப்பு. இடையே ‘கீழ்த்திசை அன்னியர்’ என்று மூன்றாவது வகுப்பு. சீனரும் அராபியரும் இந்தியரும் இம்மூன்றாவது வகுப்பில் அடக்கப்பட்டனர். சுமத்ராவின் தோட்டங்களுக்குக் கூலிகளாய்க் கொண்டுபோகப்பட்ட நம் தமிழரும் இந்தப் பட்டியிலேதான் அடைபட்டனர். வகுப்புக்கு வகுப்பு சட்டம் வேறு, நியாயஸ்தலம் வேறு. பத்துத் தலைமுறை அந்த மண்ணில் பிறந்து, சீன பாஷையை அடியோடு மறந்து, ஜாவா பாஷையே பேசி வந்தவனும் ‘அன்னியன்’ என்றே ஏட்டில் எழுதப்பட்டான். இது போதாதென்று, சீனத்தை ஆண்ட மஞ்சு அரசர் 1909-ல் ஒரு சட்டம் செய்து, தந்தை சீனனாயின் மகன் எங்கே பிறந்தாலும் சீனப் பிரஜையே என்றனர். மறுவருஷமே டச்சுக்காரர், எம் ராஜ்யத்தில் பிறந்து வசிப்பவன் எம் குடியே என்று எதிர்ச்சட்டம் செய்தனர். ஆக ஒரே மனிதன் மீது இரண்டு ராஜ்யங்கள் பாத்தியதை கொண்டாடின. அவனை மாத்திரம் எவரும் கேட்கவில்லை.

சுதந்திரம் பெற்ற இந்தோனேஷிய சர்க்கார் இச்சிக்கலை அவிழ்க்க முற்பட்டது நியாயமே. ஆரம்பத்தில் அவர்கள் கைக்கொண்ட முறை தாராளமானது: இம்மண்ணிற் பிறந்த சீன வமிசத்தான் 1951 முடிவதற்குள் வேண்டாமென்று சொல்லாதவரையில் பிரஜையாவான். 1955-ல் பாந்துங் மகாநாட்டின்போது சீன சர்க்காரோடு ஓர் உடன்படிக்கை செய்தார்கள். அது 1960-ல் அமலுக்கு வந்தது. அதன்படி இரட்டைப் பிரஜா உரிமையுள்ளவன் இரண்டு வருஷத்துக்குள் எந்தத் தேசம் வேண்டுமென்று வாய்திறந்து சொல்லவேண்டும். சொல்லாவிடில் தந்தையின் வமிசப்படி சீனனாவான். முதலில் மௌனம் சம்மதத்துக்கு அறிகுறியாயிற்று. பத்தே வருஷத்தில் அதே மௌனம் மறுப்புக்கு அறிகுறியாய் மாறிற்று. சட்டம் படித்தவர்களுக்கே தலை சுற்றும். எழுத்தறியாத கிராமத்துக் கடைக்காரன் என்ன செய்வான்? இதற்கிடையே 1959-ல், கிராமங்களில் அன்னியர் சில்லறை வியாபாரம் செய்யலாகாது என்று ஓர் உத்தரவு பிறந்தது. 1960-ல் ஒரு லட்சத்துக்கு மேற்பட்டோர் தாம் கண்டிராத ‘தாய்நாட்டுக்கு’க் கப்பலேறினர்.

எனினும் இரட்டைப் பாத்தியதை என்னும் சிக்கல் அத்துடன் தீர்ந்திருக்க வேண்டும். தேர்ந்துகொள்ள வேண்டியவர்கள் தேர்ந்துகொண்டாயிற்று. அவர்களுடைய மக்கள் பிரஜைகளின் மக்கள். சூசியைப் போன்று 1971-ல் பிறந்தவர்களுக்கு எதைத் தேர்வது, எதை மறுப்பது என்னும் பேச்சே எழ இடமில்லை. ஆயினும் ஜெனரல் சுஹார்த்தோவின் ஆட்சி வந்தபின் சந்தேகம் குறையவில்லை, பெருகிற்று. சீனப் பெயர்களை மாற்றிக்கொள்ளுமாறு 1966-ல் தூண்டினர். சீனரின் சமயச் சடங்குகளையும் பண்டிகைகளையும் பொது இடத்தில் நடத்தலாகாது என்று 1967-ல் கட்டளையிட்டனர். அதன்மேல், 1978-ல் நீதி மந்திரியின் உத்தரவொன்றால், சீன வமிசத்தவர் ஒவ்வொருவரும் பிரஜா உரிமை ருசுப் பத்திரம் ஒன்றை வைத்திருக்க வேண்டுமென்ற ஏற்பாடு நிலைபெற்றது. வெளிநாடு செல்ல அனுமதிச் சீட்டு வேண்டுமா? பத்திரத்தைக் காட்டு. கல்லூரியில் சேரவேண்டுமா? விவாகத்தைப் பதிவு செய்ய வேண்டுமா? பத்திரத்தைக் காட்டு. தகப்பன் காட்டிய பத்திரம் மகனுக்குச் செல்லாது. மகனும் தனக்கொன்று வாங்கவேண்டும். அதை வாங்குவதற்குள் எத்தனை மேஜைகள், ஒவ்வொரு மேஜைக்கும் எவ்வளவு காணிக்கை என்பதை நம் நாட்டுக் கச்சேரிகளில் பழகிய நேயர்களுக்கு நாம் எடுத்துரைக்க வேண்டியதில்லை.

நியாயஸ்தலங்களில் ஒரு பொது விதி உண்டு. ஒருவனுடைய நெடுங்கால அந்தஸ்தை மறுப்பவன் எவனோ, ருசுவின் பாரம் அவனையே சாரும். அனுபவித்து வருபவன் தன் வீட்டுக்குள் உட்கார்ந்திருந்தாற் போதும். அவனை வெளியேறச் சொல்பவனே சாக்ஷியத்தோடு வரவேண்டும். இந்தோனேஷியச் சர்க்கார் இவ்விதியைத் தலைகீழாகக் கவிழ்த்தனர். இதில் ஒரு வேடிக்கை உண்டு. அவர்கள் பாஷையில் இப்பத்திரத்துக்கு ‘சூராத் புக்தி’ என்று பெயர் தொடங்குகிறது. ‘புக்தி’ என்னும் சொல் ஸம்ஸ்கிருதத்திலிருந்து அங்கே சென்று, ருசு என்ற பொருளில் வழங்குகிறது. நமது தர்மசாஸ்திரக்காரர் வழக்குக்குரிய பிரமாணங்களை மூன்றாக வகுத்தனர்: லிகிதம், புக்தி, சாக்ஷி. லிகிதமாவது எழுத்து; புக்தியாவது நெடுநாள் அனுபோகம். ஆகவே தாசிக்மலாயாவிலே பிறந்து, அவ்வூர் நீரைக் குடித்து வளர்ந்த பெண்ணிடம் புக்தி முன்னரே இருந்தது. அவர்கள் கேட்டது லிகிதம். சொல் அவர்களிடம் போய்ச் சேர்ந்தது. பொருள் வழியிலே நின்றுவிட்டது போலும்.

இனி இவ்விளையாட்டுக்கும் இவ்வகுப்பாருக்கும் உள்ள தொடர்பைப் பார்ப்போம். உலகத்தார் இந்தோனேஷியாவின் பெயரை விளையாட்டுக் களத்தில் முதன்முதல் கேட்டது 1958-ல், சிங்கப்பூரில் மலாயாவைத் தோற்கடித்து அவர்கள் தாமஸ் கோப்பையைக் கைப்பற்றியபொழுது. அவ்வணியில் தான் ஜோ ஹோக் இருந்தார், சீனர். ஃபெர்ரி சோன்னவில் இருந்தார், ஐரோப்பியக் கலப்புள்ளவர். எடி யூசுப் இருந்தார். மறுவருஷம் இங்கிலாந்துப் பந்தயத்தில் வென்ற முதல் இந்தோனேஷியர் தான் ஜோ ஹோக்கே. அதற்குப் பின் வந்த ரூடி ஹார்த்தோனோ அதே பந்தயத்தை எட்டு முறை, அதிலும் 1968 முதல் 1974 வரை ஏழு முறை தொடர்ச்சியாக வென்றார். அவரும் சீன வமிசத்தவர். பிறந்தபொழுது இட்ட பெயர் வேறு. அத்தேசத்து ஜனத்தொகையில் நூற்றுக்கு மூவருக்கும் குறைவான ஒரு வகுப்பாரிடமிருந்து அத்தேசத்தின் கீர்த்தியில் இவ்வளவு பெரிய பங்கு வந்தது. உத்தியோகமும் சேனையும் ராஜீயமும் அவர்களுக்குப் பெரும்பாலும் மூடிக் கிடந்தபடியால், திறந்து கிடந்த இரண்டொரு கதவுகளின் வழியே அவர்கள் திரண்டு சென்றனர் என்றே நாம் கருதுகிறோம். களத்திலே கோடு மாத்திரம் உண்டு. வமிசம் கேட்கும் குமாஸ்தா இல்லை.

ஆனால் களத்துக்கு வெளியே அவன் காத்திருந்தான். சூசி அம்மையாருக்கும் ஆலனுக்கும் விளையாட்டுக் கற்பித்த இரண்டு ஆசிரியர்களின் கதி இதற்குச் சான்று. ஒருவர் தாங் சியன் ஹு. சுமத்ராவின் லாம்புங் பிரதேசத்தில் பிறந்து, 1960-ல் சீனம் சென்று, அத்தேசத்தின் சார்பில் ஆடி, ஐரோப்பாவிலே ஒருவராலும் வெல்ல முடியாதவர் என்று பெயர் பெற்றவர். பிற்காலத்தில் பிறந்த மண்ணுக்கே திரும்பிவந்து ஆலன் முதலானோரைப் பயிற்றினார். பார்சலோனாவில் ஆலன் வென்ற தங்கத்தில் இவருடைய உழைப்பும் கலந்திருந்தது. பிரஜா உரிமை வேண்டி விண்ணப்பித்தார், மறுத்துவிட்டனர். 1998-ல் மனமுடைந்து சீனத்துக்கே மீண்டார். அங்கே இவரிடம் பயின்றவர் லின் தான்; 2008-லும் 2012-லும் ஒலிம்பிக் தங்கத்தை வென்ற அதே லின் தான். மற்றொருவர் லியாங் சியு சியா என்னும் பெண்மணி, சூசியின் ஆசிரியை, சீரெபோன் நகரில் பிறந்தவர். இவரும் பிறந்த நாட்டில் பிரஜையாவதற்குப் படாத பாடு பட்டார். ஒரு ராஜ்யம் தன் குருமார்களைத் தானே துரத்தி, எதிரியின் முற்றத்தில் கொண்டுபோய் விட்ட கதை இது.

இவற்றையெல்லாம் விட நமக்கு அதிக வருத்தம் அளிப்பது ஹெந்திராவன் என்பாரின் விஷயம். அவர் 2000-ஆம் வருஷம் சிட்னி ஒலிம்பிக்கில் வெள்ளிப் பதக்கம் பெற்றார். 2001-ல் உலக வீரரானார். தேசத்தின் பெயரைச் சட்டையிலே தாங்கி உலகெங்கும் ஆடிய அவருக்குப் பிரஜா உரிமைப் பத்திரம் இல்லை! எவ்வளவு அலைந்தும் கிடைக்கவில்லை. செய்தி வெளியாகி ஊரெல்லாம் பேச்சான பிறகு, 2002-ல் தாமஸ் கோப்பைப் பந்தயத்துக்கு முன்னர், ஜனாதிபதி மேகவதி சுகர்ணோபுத்ரி அம்மையார் தலையிட்டார். பத்திரம் விரைவில் வந்து சேர்ந்தது. அந்தப் பந்தயத்தின் இறுதியில் மலேஷியாவோடு இரண்டுக்கு இரண்டு என்று நின்றபொழுது கடைசி ஆட்டத்தை வென்று கோப்பையைக் கொடுத்தவரும் ஹெந்திராவனே. ஜாகர்த்தாப் பத்திரிகைகள் இதைக் கொண்டாடின. ஜனாதிபதியின் பெருந்தன்மையையும் புகழ்ந்தன.

நாம் அதைப் புகழத் தயாராயில்லை. ஜனாதிபதியின் கருணையால் கிடைத்தது உரிமையாகாது, அது வெகுமதி. சக்ரவர்த்தி மகிழ்ந்தால் கிராமம் மானியம் கொடுப்பார், கோபித்தால் பறித்துக்கொள்வார். குடியரசு என்று பெயர் வைத்துக்கொண்ட பிறகும் அதே முறை நடப்பதானால் சக்ரவர்த்தியை விரட்டியதன் பயன் யாது? சூசி, ஆலன், ஹெந்திராவன் ஆகியோரைக் காட்டி, இவ்வளவு பெரிய வீரர்களிடமா ருசு கேட்பது என்று அங்கலாய்ப்பவர்கள் நல்லெண்ணம் உடையவர்களே. ஆயினும் அந்த வாதத்தில் ஒரு விஷம் ஒளிந்திருக்கிறது. பதக்கம் பெற்றவரிடம் கேட்கலாகாது என்றால், பெறாதவரிடம் கேட்கலாமா? ஜாகர்த்தாவின் குளோதோக் வட்டாரத்தில் காலை முதல் இரவு வரை கடையில் உட்கார்ந்து ஆணியும் கம்பியும் விற்பவனுக்கு இங்கிலாந்துப் பந்தயமும் தெரியாது, ஒலிம்பிக்கும் தெரியாது. அவன் தேசத்துக்குக் கொடுத்தது வரி. அதுவும் ஒழுங்காகக் கொடுத்திருப்பான் என்று சத்தியம் செய்ய நாம் முன்வரவில்லை. எனினும் அவனும் பிரஜையே. தங்கம் கொணர்ந்தால்தான் பிரஜை என்பது, வாடகை கொடுத்தால்தான் பிள்ளை என்று பெற்றோர் சொல்வதை ஒக்கும்.

எதிர்வாதம் ஒன்றுண்டு, அதையும் சொல்லிவிடுவது நேர்மை. இந்தோனேஷியாவில் பெரும் பொருள் படைத்தோரில் பலர் சீன வமிசத்தவர். அவர்களுள் சிலர் சுஹார்த்தோவின் குடும்பத்தோடு கூடிக்கொண்டு காடுகளையும் வங்கிகளையும் கொழுத்த ஒப்பந்தங்களையும் தமதாக்கிக் கொண்டனர். ஏழைகளான ஜாவானியர் இதைக் கண்டு வெகுண்டதில் வியப்பென்ன என்பர். வெகுண்டது நியாயமே. ஆயினும் அந்த லட்சாதிபதிகளுக்கு ஒருநாளும் பத்திரம் கிடைக்காமல் இருந்ததுண்டா? பணமுள்ளவன் பத்திரத்தை வாங்கினான்; இல்லாதவன் வாசலில் நின்றான். சர்வாதிகாரிக்கு இவ்வேற்பாடு மிகவும் சௌகரியமானது. தனக்குப் பணம் திரட்டித் தர ஒரு சிறு கூட்டம் வேண்டும். ஜனங்களின் கோபம் தன்மேல் திரும்பும் நாளில் அதைத் திருப்பிவிட ஒரு வகுப்பும் வேண்டும். இரண்டும் ஒரே வமிசமாயிருந்தால் இன்னும் நலம்.

அந்த நாள் 1998-ஆம் வருஷம் மே மாதத்தில் வந்தது. நாணயத்தின் மதிப்புச் சரிந்து, அரிசியும் எண்ணெயும் எட்டாத விலைக்கு ஏறிய சமயம். மே 12-ஆம் தேதி ஜாகர்த்தாவில் நான்கு மாணாக்கர் சுட்டுக் கொல்லப்பட்டனர். மறுநாள் முதல் மூன்று தினங்கள் நகரம் எரிந்தது. சீனர் கடைகளையும் வீடுகளையும் பொறுக்கியெடுத்துக் கொளுத்தினர். பெண்களுக்கு நேர்ந்த மானபங்கத்தைப் பற்றிச் சர்க்கார் நியமித்த விசாரணைக் குழுவினரே எழுதி வைத்திருக்கின்றனர். அதை இங்கே விவரிக்க எம் பேனா கூசுகிறது. இறந்தோர் ஆயிரத்துக்கு மேற்பட்டவர். அவர்களுள் பெரும்பாலோர் எரியும் அங்காடிகளுக்குள் அகப்பட்டுக்கொண்ட ஏழை ஜனங்கள் என்பதையும் மறக்கலாகாது.

அதே வாரத்தில்தான் ஹாங்காங்கில் தாமஸ் கோப்பை, ஊபர் கோப்பைப் பந்தயங்கள் தொடங்கின. இந்தோனேஷிய வீரர்களும் வீராங்கனைகளும் அங்கே இருந்தனர். அவர்களுள் சீன வமிசத்தவர் பலர். ஊரிலே தாய் தந்தையர் உயிரோடிருக்கின்றனரா, வீடு நிற்கிறதா என்றறியாமல், மார்பில் செவ்வெண்கொடியைத் தாங்கிக் களத்தில் இறங்கவேண்டியிருந்தது. மே 21-ஆம் தேதி சுஹார்த்தோ பதவி துறந்தார். மூன்று நாட்களுக்குப் பின் அதே ஆடவர் அணி மலேஷியாவை வென்று தாமஸ் கோப்பையைக் கொண்டுவந்தது; பெண்கள் அணியோ இறுதிவரை முன்னேறிற்று. தம் ஜனங்களைத் தீயிலிட்ட ஊருக்குக் கோப்பையைக் கொண்டுபோவதா என்று அவர்கள் யோசித்திருந்தால் எவர் குறை கூறியிருக்க முடியும்? அவர்கள் கொண்டுபோயினர். சூசி அம்மையாரும் கணவரும் அத்தேசத்தை விட்டுப் போகவில்லை. போகும் வசதி அவர்களுக்கு இல்லாமலில்லை. எந்தத் தேசமும் இரு கைகளையும் நீட்டி அவர்களை ஆசிரியர்களாக ஏற்றிருக்கும்.

சுஹார்த்தோவுக்குப் பின் நிலைமை மாறிற்று; மாறிற்று என்பதை மனமுவந்து ஒப்புக்கொள்கிறோம். முஸ்லிம் மார்க்க அறிஞரான ஜனாதிபதி அப்துர்ரஹ்மான் வாஹித் 2000-ல், சீனர் பண்டிகைகளுக்கு விதித்திருந்த பழைய தடையை நீக்கினார். ஜனாதிபதியாகிறவர் ‘அசல்’ இந்தோனேஷியராக இருக்கவேண்டும் என்று 1945-ஆம் வருஷத்து அரசியல் சட்டத்தில் இருந்த ஷரத்து 2001-ல் திருத்தப்பட்டது. பிரஜா உரிமைச் சட்டம் 2006-ல் புதிதாக இயற்றப்பட்டது. அதிலே ‘அசல்’ என்பதற்கு அவர்கள் கொடுத்த வியாக்கியானம் நம் வக்கீல் நண்பர்கள் ஊன்றிப் படிக்கத் தக்கது: பிறப்பிலிருந்தே பிரஜையாயிருந்து, தன் இஷ்டத்தால் வேறு தேசத்தின் உரிமையை ஏற்காதவர் எவரோ அவரே அசல் இந்தோனேஷியர். இரத்தமும் வமிசமும் அந்த வாக்கியத்தில் இல்லை. டச்சுக்காரர் போட்ட மூன்று வகுப்புக் கோட்டைச் சுதந்திர இந்தோனேஷியா அழிப்பதற்கு ஐம்பத்தேழு வருஷங்கள் ஆயின. ருசுப் பத்திரத்தை ஒழித்ததாக ஏட்டளவில் 1996-லேயே உத்தரவு பிறந்திருந்தது; ஆனால் கீழ்க் கச்சேரிகளில் அதற்குப் பின்னும் பல வருஷம் கேட்டுக்கொண்டுதான் இருந்தனர். ஜனாதிபதியின் கையெழுத்து ஒரு நாளில் உலர்ந்துவிடுகிறது. குமாஸ்தாவின் பழக்கம் எளிதில் உலர்வதில்லை. சூசி அம்மையாரின் வாழ்க்கையைப் பற்றி 2019-ல் அத்தேசத்தில் எடுக்கப்பட்ட திரைப்படமும் இந்தப் பத்திர விஷயத்தை மறைக்காமல் காட்டுகிறது. காட்ட அனுமதிக்கும் தைரியம் அந்நாட்டுக்கு வந்திருப்பது பாராட்டத்தக்கதே.

ஆயினும் எல்லாம் முடிந்துவிட்டதென்று சொல்வதற்கில்லை. ஜாகர்த்தாவின் கவர்னராயிருந்த பாசுகி சஹாயா பூர்ணமா என்பவர் சீன வமிசத்துக் கிறிஸ்தவர். 2017-ல் அவர் தேர்தலில் தோற்றதோடு, மதநிந்தனைக் குற்றம் சாட்டப்பட்டு இரண்டு வருஷச் சிறைவாசமும் விதிக்கப்பட்டார். அவருடைய வழக்கின் நியாய அநியாயங்களை இங்கே ஆராயப் புகவில்லை. அவருக்கு விரோதமாகத் திரண்ட லட்சக்கணக்கான ஜனங்களுக்கிடையே, அவர் மார்க்கத்தைப் பற்றி எழுந்த கூக்குரலோடு வமிசத்தைப் பற்றிய கூக்குரலும் கலந்து கேட்டது என்பதை மாத்திரம் குறிப்பிடுகிறோம்.

அதற்கு மறுவருஷம் அதே ஜாகர்த்தாவில் ஆசியப் பந்தயங்கள் நடந்தன. தொடக்க விழா 2018-ஆம் வருஷம் ஆகஸ்டு 18-ஆம் தேதி, சுகர்ணோவின் பெயர் தாங்கிய பெரிய விளையாட்டரங்கில் நிகழ்ந்தது. அரங்கினுள்ளே மலையொன்றை அமைத்து, அதன் உச்சியில் தீபத்தை ஏற்ற ஏற்பாடு செய்திருந்தனர். பல வீரர்கள் கைமாற்றிக் கொண்டுவந்த ஜோதியைக் கடைசியாக வாங்கிக்கொண்டவர் நாற்பத்தேழு வயதான சூசி சுசாந்தி அம்மையார். அவரிடம் அன்றிரவு எவரும் பத்திரம் கேட்கவில்லை.